துபாஷி விட்ட ஒரு சொல்

அரைகுறையாகத் தெரிந்த பாஷையை முழுதாகத் தெரியும் என்று சொல்லிக்கொள்பவனால் ஊருக்கே ஆபத்து. பழவேற்காட்டில் அந்த ஆபத்து நான்தான்.

டச்சுக்காரர் கோட்டைச் சமையலறைக்கு நண்டு கொண்டுபோய்க் கொடுத்தே அவர்கள் பாஷையைப் பிடித்துக்கொண்டவன் நான். (அதில் பாதி, சமையல்காரனின் வசவுகள்.) இருபத்திரண்டு வயதில் கோட்டை நீதிமன்றத்தில் மொழிபெயர்த்துச் சொல்லும் துபாஷி வேலை கிடைத்ததும் தலைகால் புரியவில்லை.

முதல் வழக்கே எங்கள் குப்பத்து வழக்கு. முகத்துவாரத்தில் வலை போடும் உரிமை யாருக்கு என்று எங்களுக்கும் பக்கத்துக் குப்பத்துக்கும் தகராறு. எங்கள் தரப்புக்கு என்னைப் பெற்ற நைனாதான் தலைவர். தீர்ப்பு வரும்வரை இருவரும் அங்கே வலை போடக் கூடாது என்று நீதிபதி உத்தரவிட்டார். அவர்கள் பாஷையில் அந்தக் 'கூடாது' வாக்கியத்தின் கடைசியில் வரும். நான் அதுவரை காத்திருக்கவில்லை. தீர்ப்பு வரும்வரை தாராளமாக வலை போடலாம் என்று நைனாவிடம் கம்பீரமாகச் சொல்லிவிட்டேன். (தமிழிலும் அது கடைசியில்தான் வருகிறது. எனக்கு இரண்டு பாஷையும் தெரியாது போலிருக்கிறது.)

மறுநாள் நைனாவோடு பன்னிரண்டு பேர் வலை போட்டார்கள். பக்கத்துக் குப்பத்தார் வேறொரு துபாஷியை வைத்திருந்தார்கள். அவன் கடைசிச் சொல்வரை கேட்பவன். அவர்கள் முறையிட, நீதிமன்ற அவமதிப்பு என்று சொல்லிச் சிப்பாய்கள் எல்லோரையும் பிடித்துக்கொண்டு போனார்கள். வலைகளும் போயின.

ஒன்பது நாள் காவல். குப்பத்துப் பெண்கள் என்னைக் கண்டால் பேச்சை நிறுத்தினார்கள். சோறு இறங்கவில்லை. ஏரியில் இறங்கிவிடலாமா என்றுகூடத் தோன்றியது. இடுப்பளவுத் தண்ணீர், அதுவும் உதவாது.

விசாரணைக்கும் நானே துபாஷி. தாடி வளர்ந்து நின்ற நைனா என்னைப் பார்த்தார்.

"நீ சொன்னதத்தான் செஞ்சோம்னு தொரையாண்ட சொல்லுடா."

சொன்னால் என் கதை முடிந்தது. மாற்றிச் சொன்னால் கண்டுபிடிக்க ஆளில்லை. அந்த இன்னொரு துபாஷி அன்று வரவில்லை. ஒரு சொல்லும் விடாமல் சொன்னேன். துபாஷியாக நான் ஒழுங்காகச் செய்தது அது ஒன்றுதான்.

நீதிபதி தன் பழைய உத்தரவை எடுத்துப் படித்தார். பிறகு, உத்தரவைத் தெரிந்தே மீறினால்தான் அவமதிப்பு, இவர்கள் தங்கள் காதுக்கு எட்டிய உத்தரவுக்குப் பணிந்தவர்கள் என்று சொல்லி விடுவித்தார். என் பக்கம் திரும்பிச் சட்டப் புத்தகத்தைப் புரட்டினார். வேண்டுமென்று செய்யாததால் என்னையும் அவமதிப்பில் சேர்க்க முடியாதாம். முட்டாள்தனத்துக்கு இந்தப் புத்தகத்தில் தண்டனை எழுதவில்லை என்று சொல்லி, வேலையை மட்டும் பறித்தார்.

"இன்னா சொல்றாரு?" என்றார் நைனா. அதையும் நானே மொழிபெயர்க்க வேண்டியிருந்தது.

வலைகள் திரும்பி வந்தன. அதற்குள் இறால் ஓட்டம் முடிந்துவிட்டது. அந்த வருஷம் பல வீடுகளில் ஒரு வேளைதான் அடுப்பு எரிந்தது. நைனா என்னைத் திட்டவேயில்லை. திட்டியிருக்கலாம்.

சில வருஷம் கழித்துப் பெண் பார்க்கப் போனேன். பெண்ணைப் பிடித்திருக்கிறது என்றேன். அவள் அப்பா அசையாமல் உட்கார்ந்திருந்தார். என்ன மாமா என்று கேட்டேன்.

"இன்னும் ஒரு வார்த்த வருமானு பாக்கறேன்" என்றார்.

இன்றைக்கு என் பேரப்பிள்ளைகளும், நான் பேசி முடித்தபின் ஒரு மூச்சு பொறுத்துத்தான் நகர்கிறார்கள்.