சுழிக்கலையில் விழுந்த இன்ஸ்பெக்டர்

இருபத்து மூன்று வயதில் நான் ஒரு கலையைக் கண்டுபிடித்தேன். மனிதனின் புத்தியையே மாற்றிவிடும் கலை. வாழ்நாளில் ஒரே ஒருவர் மேல்தான் அதைப் பிரயோகித்தேன். புத்தி கெட்டது அவருக்கல்ல, எனக்கு.

ஆந்திரா தனி மாநிலமாகி, எந்த ஊர் எந்தப் பக்கம் என்று டீக்கடைதோறும் சண்டை நடந்துகொண்டிருந்த காலம். நான் அரக்கோணம் பக்கத்து ஆள். புத்தூரை அடுத்த ஒரு கிராமத்துத் தமிழ்ப் பள்ளியில் தற்காலிக வாத்தியார். பஸ்ஸில் டிக்கெட் வாங்கும் அளவுக்குத் தெலுங்கு தெரியும் (கண்டக்டர் எதிர்க்கேள்வி கேட்காத வரை). நகரியில் பெண் நிச்சயமாகியிருந்தது. பெண்ணின் தகப்பனார், "வேல பர்மனென்ட் ஆவட்டும், அப்பால தேதி வெச்சிக்கலாம்" என்று கறாராகச் சொல்லிவிட்டார். அந்த பர்மனென்ட், சித்தூரிலிருந்து வரும் ஸ்கூல் இன்ஸ்பெக்டரின் பேனாவில் இருந்தது. குண்டூர்க்காரர், ஐம்பது வயது, பெரிய தலைப்பாகை. தமிழ் புரியாது.

அவரை அசத்துவதற்காக ஒரு நாடகம் எழுதினேன். நீலமேகபுரி என்றொரு தேசம். அங்கே சுழிக்கலை என்று ஒரு வித்தை. கரும்பலகையில் வெள்ளைச் சுழி வரைந்து சுற்றுவார்கள். அதைப் பார்க்கிற ராஜா ஐந்து வயதுக் குழந்தையாகி, எதிரில் நிற்பவனைத் தகப்பன் என்று கூப்பிடுவான். தகப்பனாக ஏற்றுக்கொண்டு, தலையைத் தடவி, நெற்றியில் மூன்று முறை ஊதினால்தான் தெளிவான். ஊதாவிட்டால் ஆயுசுக்கும் அப்படியே (இந்தச் சட்டத்தை ஏன் எழுதினேன் என்று பிறகு எத்தனையோ நாள் என்னையே திட்டிக்கொண்டேன்).

சனிக்கிழமை காலை பதினொரு மணிக்கு நாடகம். என் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, பின்சக்கரத்தில் கறுப்பு மை பூசிய பெரிய அட்டையைக் கட்டி, சுண்ணாம்பில் சுழி போட்டிருந்தேன். வேஷம் கட்டி, கலைஞனாக நானே நின்றேன். இன்ஸ்பெக்டர் முன்வரிசையில், சக்கரத்துக்கு மூன்றடி தூரத்தில். பெடலை வேகமாகச் சுற்றினேன். சுழி உள்ளே உள்ளே போனது. ராஜா வேஷக்காரன் மயங்கி விழ வேண்டிய கட்டம்.

அவன் விழவில்லை. இன்ஸ்பெக்டர் விழுந்தார்.

நாற்காலியிலிருந்து அப்படியே சரிந்து, கால் நீட்டிக் கிடந்தார். கண் மேலே செருகியிருந்தது. தலைமை ஆசிரியர் என் காதில், "யோவ், இன்னாய்யா பண்ணிக்கினு கீற நீ? தமிழ் வாத்தியாரு ஆந்திரா ஆபீசருக்கு மந்திரம் வெச்சிட்டான்னு சொல்லப் போறாங்கய்யா" என்றார். எனக்கு அதைவிடப் பெரிய பயம். வெறும் மை, சுண்ணாம்பு, அட்டை. நான் சும்மா எழுதியது எப்படிப் பலித்தது? விளையாட்டாகத் தொட்டது நிஜமாகவே ஏதோ கெட்ட சக்தியா? வியர்வையில் ஒட்டுமீசை கழன்று உதட்டில் தொங்கியது.

அப்போது இன்ஸ்பெக்டர் கண்ணைத் திறந்தார். நேராக என்னைப் பார்த்தார். மெல்லிய குரலில், "நாயனா..." என்றார்.

எங்கள் பக்கத்தில் தகப்பனை நைனா என்றுதான் கூப்பிடுவோம். கலை வேலை செய்துவிட்டது. ஐம்பது வயது ஆபீசர் ஐந்து வயதாகிவிட்டார். மறுபடியும், "நாயனா... நீள்ளு..." என்று கையை நீட்டினார். ஊதாவிட்டால் ஆயுசுக்கும் அப்படியே. குண்டூரில் இவர் மனைவிக்கு என்ன பதில் சொல்வேன்?

மண்டியிட்டு உட்கார்ந்தேன். தலைப்பாகையைக் கழற்றி, வழுக்கையைத் தடவினேன். "இன்னாடா கண்ணு, நைனா இங்கதான் கீறேன். அழக்கூடாது, இன்னா?" என்று சொல்லி, நெற்றியில் ஊதினேன். ஒன்று. இரண்டு. மூன்றாவது ஊதலில் என் மீசை பறந்துபோய் அவர் கன்னத்தில் ஒட்டியது.

அவர் சடாரென்று எழுந்து உட்கார்ந்து, "ஏமிட்டய்யா இதி?" என்று, என்னய்யா இது என்பதைத் தெலுங்கில் அதட்டிக் கேட்டார். தெளிந்துவிட்டார் என்று எனக்குக் கண்ணீரே வந்துவிட்டது.

தலைமை ஆசிரியர் என்னை ஓரமாக இழுத்துக்கொண்டு போனார். "அறிவு கீதாய்யா உனக்கு? தெலுங்குல சின்ன வயசுக்காரன ஆசையா நாயனான்னுதான் கூப்புடுவாங்க. தம்பி, தண்ணி குடுன்னு கேட்டாரு மனுசன். இன்னிக்கு சனிக்கிழம, பெருமாளுக்கு விரதம். காலீல இருந்து ஒண்ணும் துன்னல அவரு."

அடுத்த மூன்று வாரம் நான் சரியாகச் சாப்பிடவில்லை. தபால்காரர் தெருமுனையில் தெரிந்தால் வகுப்பின் பின்பெஞ்சில் போய் உட்கார்ந்துகொள்வேன். வேலை போகும், கல்யாணம் போகும், அரக்கோணம் போய் என்ன சொல்வது என்று ராப்பகலாக நடுங்கினேன். ரிப்போர்ட் வந்தது. தலைமை ஆசிரியர்தான் படித்துச் சொன்னார். ஆறு மாதத்துக்குள் தெலுங்கு கற்றுக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனையுடன் பர்மனென்ட். கீழே ஒரு வரி: "இவர் பிறரைப் பெற்ற தகப்பன்போலக் கவனிக்கிறார்." கிண்டலா, மெய்யா என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை.

கல்யாணம் நடந்தது. மூன்று பிள்ளைகள் பிறந்தார்கள். தெருவிலுள்ள பிள்ளைகள் எல்லாம் நைனா, நைனா என்று கூப்பிட, என் பிள்ளைகள் மட்டும் அப்பா என்பார்கள். என் மனைவியின் கண்டிப்பு அப்படி. ஏன் என்று யாராவது கேட்டால், கொஞ்சம்கூடச் சிரிக்காமல் சொல்வாள்:

"நைனான்னு கூப்புட மூத்தவரு ஒருத்தரு கீறாரு. குண்டூர்ல பென்சன் வாங்கிக்கினு கீறாரு."