அன், தே, த்ருவா, காத்ர்

ட்ரம்ஸ் வாசிப்பவன் இரண்டு கை, இரண்டு கால் ஆக நான்கினால் வாசிக்கிறான் என்று ஊர் நம்புகிறது. எங்களில் பாதிப் பேர் ஐந்தாவதாக வாயாலும் வாசிக்கிறோம். தாளம் தப்பிவிடுமோ என்ற பயத்தில் உதடு அதுபாட்டுக்கு எண்ணிக்கொண்டே இருக்கும். மேடையில் அது யாருக்கும் கேட்காது. ஸ்டுடியோவில் தலைக்கு மேலேயே ஒரு மைக் தொங்கும். இந்தச் சின்ன வித்தியாசத்தை எனக்கு யாரும் சொல்லவில்லை. (சொல்லியிருந்தாலும் கேட்டிருக்க மாட்டேன். அப்போது வயது இருபத்திரண்டு. எனக்கு எல்லாம் தெரிந்திருந்தது.)

நான் செஷன் ட்ரம்மர். அதாவது, யாரோ எழுதி, யாரோ பாடி, யாரோ பெயர் போட்டுக்கொள்ளும் பாட்டுக்கு, கூப்பிட்ட நேரத்தில் போய் வாசித்துவிட்டு வருகிறவன். இன்று இதுதான் தொழில். அன்று, இன்ஜினியரிங் முடித்துவிட்டு முதலியார்பேட்டை வீட்டுச் சாப்பாட்டு மேசையை இரண்டு ஸ்பூனால் அடித்துக்கொண்டிருந்த ஒரு தொந்தரவு.

அம்மா பள்ளியில் பிரெஞ்சு டீச்சர். ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் மாதா கோயில் பாடகர் குழுவுக்குத் தலைவி. அவள் எதையும் தமிழில் எண்ணி நான் கேட்டதில்லை. "அன், தே, த்ருவா, காத்ர்" என்று நாலு வரை எண்ணி முடித்தால்தான் குழு வாயைத் திறக்கும். குக்கர் விசிலும், தட்டில் விழும் இட்லியும்கூட எங்கள் வீட்டில் அதே கணக்கில்தான். எனக்குத் தாளம் என்றால் அந்த நாலு சொல்தான்.

அந்த ஆடியில் எனக்கு ஒரு கம்பெனியிலிருந்து வேலைக் கடிதம் வந்தது. திங்கட்கிழமை சேர வேண்டும். அதே சமயம் சேகர் அண்ணனும் கூப்பிட்டார். எங்கள் பேட்டையில் ஒரு செருப்புக் கடை மாடியில் ஸ்டுடியோ வைத்திருப்பவர். ஓர் அம்மன் பாட்டுக்கு ட்ரம்ஸ் வேண்டும். என் வாழ்க்கையின் முதல் பதிவு.

"பாட்டு வெள்ளிக்கிழம கோயில்ல வெளியிடறாங்க இல்ல? நானும் வர்றேன்" என்றாள் அம்மா. "கேக்குறேன். கேட்டுட்டு, நீ ட்ரம்மரா, கம்பெனிக்குப் போற ஆளான்னு சொல்றேன். அதுக்கப்புறம் பேச்சு கிடையாது."

அப்பாவைப் பார்த்தேன். "அம்மா சொன்னா சரிதான்" என்று செய்தித்தாளைத் திருப்பினார். (கல்யாணமான நாளிலிருந்து அவர் வாசிக்கும் ஒரே தாளம்.)

பாட்டில் ஓர் இடம் இருந்தது. கடைசிப் பல்லவிக்கு முன்னால் நாலு தட்டு நேரம் எல்லா வாத்தியமும் நின்றுவிடும். பிறகு ட்ரம்ஸ் மட்டும் இறங்கி எல்லோரையும் கூட்டிக்கொண்டு வரவேண்டும்.

"இங்கதான்டா சாமியே வருது" என்றார் சேகர் அண்ணன். "நாலு எண்ணு, டமால்னு எறங்கு. நீ தப்புனா பாட்டே படுத்துடும்."

நான் மூன்றில் இறங்கினேன். அடுத்த முறை ஐந்தில். அதற்கடுத்த முறை குச்சி கையிலிருந்து பறந்து கண்ணாடியில் பட்டது. பதிவின்போது சத்தம் வரக்கூடாதென்று ஏசியை அணைத்திருந்தார்கள். ஏழாவது தடவை, வியர்வையில் ஊறி, காதை இறுக்கிய ஹெட்போனோடு, கண்ணை மூடி, அம்மாவை நினைத்துக்கொண்டேன். டமால்! கனகச்சிதமாக நாலில் இறங்கினேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சேகர் அண்ணன் கட்டைவிரலைத் தூக்கினார். படியிறங்கும்போது சென்னையிலிருந்து எனக்கு எத்தனை போன் வரும் என்று கணக்குப் போட்டேன்.

கோயில் எங்கே என்று சொல்லமாட்டேன். பிள்ளைச்சாவடிக்கு வடக்கே, கடலோரம் என்று வைத்துக்கொள்ளுங்கள். (தெற்கேயாகவும் இருக்கலாம்.) வெள்ளிக்கிழமை சாயங்காலம் கூழ் வார்த்துக்கொண்டிருந்தார்கள். கோயில் தலைவர் ஏழுமலைதான் பாட்டை எழுதியவர். எங்களை முன்வரிசை பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்தார். மடியில் கைப்பையோடு அம்மா விடைத்தாள் திருத்தும் முகத்தில் இருந்தாள்.

பாட்டு ஆரம்பித்தது. நான் அம்மாவின் செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தேன். இரண்டாவது சரணத்தில் அது லேசாகத் தட்ட ஆரம்பித்தது. ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். அந்த இடம் வந்தது. வாத்தியம் எல்லாம் நின்றது. தென்னை மரத்தில் கட்டியிருந்த குழாய் ஸ்பீக்கரிலிருந்து, நிறுத்தியிருந்த படகுகளுக்கு மேலாகக் கடல்வரைக்கும், என் குரல் போனது.

"அன்... தே... த்ருவா... காத்ர்... ர்... ர்..."

டமால்.

அம்மாவின் செருப்பு நின்றுவிட்டது.

"நிறுத்து! நிறுத்து!" ஏழுமலை கையைத் தூக்கினார். "பின்னால இழுத்துப் போடு அதை."

மறுபடி போட்டார்கள். இந்தத் தடவை இன்னும் தெளிவாகக் கேட்டது.

"இது நான் எழுதலையே" என்றார்.

பக்கத்தில் நின்ற சேகர் அண்ணன் என் காதில் குனிந்தார். "உன் குரலாடா அது? கோரஸ்காரங்க சொன்னதுன்னுல்ல நினைச்சேன்! நல்லாருக்கேன்னு எக்கோ வேற போட்டுவுட்டேன்."

வேற்றுமதத்துக்காரன் ஒருவன் அம்மன் பாட்டில் பிரெஞ்சில் ஒன்று, ரெண்டு சொல்லியிருக்கிறான். பஸ் நிறுத்தம் எந்தப் பக்கம் என்று பார்த்துவைத்துக்கொண்டேன். கம்பெனியில் எந்த நிறச் சட்டை போடச் சொல்வார்கள் என்றும் யோசித்தேன்.

அப்போது கூழ்ப் பானையருகே நின்ற ஓர் அம்மாள் கரண்டியோடு நிமிர்ந்தாள். "இன்னா ஏழுமல, உனுக்கு காது அடைச்சிருக்கா? 'எந்தாய் திருவே காத்தருள்'னு எவ்ளோ தெளிவா கேக்குது!"

ஏழுமலை ஸ்பீக்கரை அண்ணாந்து பார்த்தார். பிறகு பின்னாலிருந்து ஒருத்தி "ஆமாக்கா" என்றாள். மூன்றாவது முறை போட்டபோது பத்துப் பதினைந்து பேர் சேர்ந்து சொன்னார்கள். நாலாவது முறை எல்லோரும் கைகூப்பியிருந்தார்கள். சத்தியமாகச் சொல்கிறேன், அதற்குப் பிறகு எனக்கே அப்படித்தான் கேட்டது.

ஏழுமலைக்குக் கண் கலங்கிவிட்டது. "நான் எழுதல. தானா வந்து வுழுந்துருக்கு" என்றவர் நேராக எங்களிடம் வந்தார். "தம்பி, யாரு குரல் இது?"

நான் உண்மையைச் சொல்ல வாயைத் திறந்தேன். அம்மாவின் நகம் என் முழங்கையில் இறங்கியது.

அவர் அவளிடம் திரும்பினார். "டீச்சரம்மா, நீங்க படிச்சவங்க. இந்த வரி எப்பிடி இருக்கு?"

அம்மா கைப்பையைச் சரிசெய்துகொண்டாள்.

"உச்சரிப்பு ரொம்ப சுத்தமா இருக்குங்க" என்றாள்.

திரும்பும்போது அவள்தான் ஸ்கூட்டர் ஓட்டினாள். நான் பின்னால்.  பாதித் தூரத்தில் தாங்கமுடியாமல் நான்தான் ஆரம்பித்தேன்.

"பொய் சொல்லிட்டியேம்மா."

"எது பொய்? உச்சரிப்பு சுத்தமாதான இருந்துச்சு? நான் சொல்லிக் குடுத்தது."

ராஜீவ் காந்தி சிலை சிக்னலில் சிவப்பு விழுந்தது. காலை ஊன்றிக்கொண்டு, திரும்பிப் பார்க்காமலே சொன்னாள்: "ஆனா த்ருவா லேட்டா வுழுந்துச்சு."

"என்னம்மா?"

"அன், தே சரியா இருக்கு. த்ருவால இழுக்குற. கம்பெனில என்னிக்குச் சேரணும்?"

"திங்கக்கிழம."

"திங்கக்கிழம கொயர் ப்ராக்டிஸ் இருக்கு. வந்து த்ருவாவ சரிபண்ணு."

பச்சை விழுந்தது. பின்னால் ஒரு லாரி ஹாரன் அடிக்கும்வரை அம்மா வண்டியை எடுக்கவில்லை. சிரித்துக்கொண்டிருந்தாள் என்பது தோள் குலுங்கியதில் தெரிந்தது.

அதற்குப் பிறகு எத்தனையோ பாட்டுக்கு வாசித்துவிட்டேன். எதிலும் என் பெயர் கிடையாது. ஒன்றில் குரல் மட்டும் இருக்கிறது. சென்னையில் எந்த ஸ்டுடியோவுக்குப் போனாலும், சேகர் அண்ணன் முன்கூட்டியே போன் செய்து எச்சரித்திருப்பதால், ட்ரம்ஸ் மேல் ஒரு பெரிய மிட்டாய் வைத்திருப்பார்கள். அதை வாயில் அடக்கிக்கொண்ட பிறகுதான் பதிவு தொடங்கும். இரண்டு கடைவாய்ப் பல் போய்விட்டது. அந்தக் கோயிலிலோ, ஒவ்வொரு ஆடியிலும் பாட்டு நிற்கிற அந்த இடத்தில் ஊரே சேர்ந்து சொல்கிறது. த்ருவாவில் அவர்களும் இழுக்கிறார்கள், என்னைப்போலவே.

வீட்டில்தான் கணக்கு மாறிவிட்டது. காலையில் அம்மா தட்டோடு வந்து "எத்தனை?" என்பாள். செய்தித்தாளுக்குப் பின்னாலிருந்து அப்பா, "காத்தருள்" என்பார். நாலு இட்லி விழும். எனக்குப் பசி அதிகம். ஐந்தாவதுக்குத் தட்டை நீட்டுவேன்.

"பாட்டுல நாலுதான்டா வருது" என்று பாத்திரத்தை மூடிவிடுவாள்.