தலைவர் பேசி முடியும்வரை எரிந்த வீடு

சுவிஸின் வின்டர்தூரில் உள்ள அத்தனை தமிழருக்கும் எங்கள் சங்கத் தலைவர் என்றால் பயம். பயமில்லாத ஒரே ஆள் மொஸ்கோ அண்ணை. பயந்தவர்களில் முதல் ஆள் நான், செயலாளர் வேறு.

மொஸ்கோ அண்ணை சோவியத் காலத்தில் அங்கே இஞ்சினியரிங் படித்தவர். இங்கே ஆஸ்பத்திரிக் குசினியில் சட்டி கழுவினார். சங்க மண்டபத்தின் திறப்பு அவர் பையில்தான் இருக்கும். சனிக்கிழமைகளில் அதால் பூட்டைத் திறந்து, அந்தக் கால ரஷ்யக் கார்ட்டூன்கள் போடுவார். எல்லாம் அதிகாரிகளை நக்கலடிக்கும் குட்டிப் படங்கள். ரஷ்யச் சத்தத்தை அமர்த்திவிட்டு மந்திரிக்கும் ஆட்டுக்கும் அவரே தமிழில் குரல் கொடுப்பார். இரண்டும் ஒரே குரல்தான்.

ஆண்டு விழாவுக்கென்று அவர் தெரிந்தெடுத்த படத்தில் ஒரு வீடு எரிகிறது. தீயணைப்பு வண்டி வந்து நிற்கிறது. தண்ணீரைத் திறக்க முன்னம், சால்வை போட்ட அதிகாரிகள் ஒருவருக்கொருவர் மாலை போட்டு, ஒருவர் பின் ஒருவராகப் பேசுகிறார்கள். நன்றியுரை முடிய, வீடு சாம்பல்.

ஒத்திகையில் தலைவர் எழும்பினார்.

“இது என்னைத்தானே?”

“தலைவர், நீங்கள் அரைக் காற்சட்டையோட திரிஞ்ச காலத்தில எடுத்த படம்,” என்றார் அண்ணை.

“அப்ப என்ர சால்வை என்னண்டு அதுக்குள்ள வந்தது? அந்தப் பேச்சுகளை வெட்டும். இல்லாட்டி மண்டபத் திறப்பைத் தந்திட்டுப் போம்.”

திறப்பு போனால் அண்ணையின் படமும் போச்சு. திறப்பை வாங்கிவரும் வேலை எனக்கு.

“அண்ணை, ஒரு ரெண்டு நிமிசம் வெட்டினா என்ன?”

“மொஸ்கோவில பெரிய மீசையள் கேட்டும் வெட்டாத படமடா. வின்டர்தூரில வெட்டுறதோ? விழா முடிய வந்து திறப்பை வாங்கு.”

விழாவில் தலைவர் பேசினார். அவர் பேசத் தொடங்கினால் குசினியில் நிற்பவர்களும் வந்து உட்காரவேண்டும். அது எங்கள் வழக்கம். அடுப்பில் விருந்துக்கான ரோல்ஸ் கிடந்தது. முப்பதாவது நிமிடம் புகை வந்தது. எல்லாருக்கும் மணந்தது. ஒருவரும் எழும்பவில்லை. நான் கைகூடத் தட்டினேன்.

அலாரம் அடித்து, தீயணைப்புப் படையே வாசலில் வந்து நின்றது. தலைவர் மைக்கை விடவில்லை.

“வருகை தந்திருக்கும் தீயணைப்பு வீரர்களை வருக வருக என…”

பின்வரிசையிலிருந்து அந்த ஆட்டுக் குரல் கேட்டது. “முதல்ல மாலையைப் போடுங்கோ! அதுவரைக்கும் நெருப்பு நிக்கும்!”

மண்டபமே சிரித்தது. தொடங்கிவைத்தது தலைவரின் மனைவி.

கருகிய ரோல்ஸ் வெளியே போனதும் அண்ணை படத்தைப் போட ஆயத்தமானார்.

“செயலாளர், நிப்பாட்டும்!” என்றார் தலைவர்.

எழும்பினேன். போய் மண்டப லைட்டை அணைத்தேன். ஒரு நொடியும் வெட்டாமல் படம் ஓடியது.

“திறப்பை வாங்கினீரோ?” என்று மறுநாள் தலைவர் கேட்டார்.

“மறந்திட்டன், தலைவர்.”

ஒவ்வொரு கூட்டத்திலும் கேட்கிறார். நானும் இன்றுவரை கவனமாக மறந்துகொண்டிருக்கிறேன்.