விரிப்பின் மறுமுனையைப் பிடித்தவருக்கு

என் மனைவியின் இளவலும், மருத்துவமனைச் சலவைக்கூடத்தில் எனக்கு அடுத்த எந்திரத்தில் நிற்பவரும், பதவி உயர்வு வழக்கில் என் எதிர்த்தரப்பினருமாகிய மைத்துனர் அவர்களுக்கு,

வணக்கம். தாங்கள் நலமாக இருப்பதை நாள்தோறும் நீராவிக்கு அப்பால் கண்டு வருவதால் நலம் கேட்டு எழுதவில்லை. எதிர்த்தரப்போடு பேசக்கூடாதென்று என் வழக்கறிஞர் விதித்த தடை இன்னும் நீக்கப்படவில்லை. நம்மிடையே சேதி சுமந்து சலித்த தங்கள் அக்காவோ, "ஒரே கூடத்துல வேலை பாக்குறீங்க, பக்கத்துப் பக்கத்து வீட்டுல இருக்கீங்க, நடுவுல நான் என்ன தபால்காரியா?" என்று கைவிரித்துவிட்டார். ஆகவே இக்கடிதம்.

நிகழ்ந்தவற்றை முறைப்படி எடுத்துரைப்பது என் கடமை. பழைய மேற்பார்வையாளர் ஓய்வுபெற்றுச் சென்றபின் அவர் அமர்ந்திருந்த கண்ணாடி அறைக்கு நாம் இருவரும் ஆசைப்பட்டோம். தேர்வுக் குழுவினர் பணிமூப்பு விதியைப் புரட்டியும் பாராமல் எனக்குப் பின் சேர்ந்த தங்களைத் தேர்ந்தனர். நான் தொழிலாளர் தீர்ப்பாயத்தை அணுகினேன். தீர்ப்பாயம் தங்கள் நியமனத்தை நீக்கி, அப்பதவியை எனக்கே வழங்குமாறு ஆணையிட்டது. விதி மீறப்பட்டதென்று சொல்லத்தான் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் உண்டு, ஆளைத் தேர்ந்தெடுக்க இல்லை என்று நிர்வாகம் உயர் நீதிமன்றத்துக்குச் சென்றது. அப்போதும் என் கை தாழ்ந்திருக்கவில்லை. தீர்ப்பாயத்தின் ஆணையில் விதியைப் பற்றியே பெரும்பாலும் எழுதப்பட்டிருந்ததால், "எப்படியாவது தாங்கிப் பிடிச்சிடலாம் ஐயா, நீங்க வாயைத் திறக்காம உக்காந்திருந்தா போதும்" என்றார் என் வழக்கறிஞர். ஒலிபெருக்கி பழுதான தொழிற்சங்கக் கூட்டங்களிலும் கடைசி வரிசைக்குக் கேட்கப் பேசியவனிடம் விடுக்கத்தக்க வேண்டுகோளா அது?

நீதிமன்றத்தில் தாங்களும் இருந்தீர்கள். ஆயினும் எனக்குப் பின்வரிசையில் இருந்ததால் என் முகத்தைக் கண்டிருக்கமாட்டீர்கள். நீதிபதி அம்மையார் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, "ரெண்டு பேர்ல யாருக்குத் தகுதி அதிகம்னு நாங்க பார்க்கப் போறதில்ல. தீர்ப்பாயம் அதோட எல்லைக்குள்ள நின்னுச்சா, அவ்வளவுதான் கேள்வி" என்றார். எனக்கு நீதி வழங்கிய தீர்ப்பாயம் ஐயத்துக்கு உள்ளாவதைப் பொறுக்கமாட்டாமல் நான் எழுந்தேன். அத்தீர்ப்பாயத்தின் தலைவர் வெறும் ஏட்டை நம்பியவர் அல்லர். நிர்வாகத்தின் வழக்கறிஞர் வராத நாளிலும் நீதியைத் தள்ளிப்போடாதவர். எங்கள் இருவரையும் தம் மேசைமுன் நிறுத்திப் பெரிய படுக்கை விரிப்பொன்றை மாறிமாறி மடிக்கச் செய்தவர். நான் மடித்ததன் மூலைகளைத் தம் விரலால் ஒத்துப் பார்த்து, இவரே பொருத்தமான ஆள் என்று அவ்விடத்திலேயே முடிவு கண்டவர் என்றெல்லாம் நான் முழங்கியபோது, என் சட்டையை யாரோ பின்னாலிருந்து இழுத்தார்கள். "மச்சான், போதும். உக்காருங்க. கெடுத்துக்காதீங்க" என்றது தங்கள் குரல். எதிர்த்தரப்பின் இடையூறென்று கருதி, நான் குரலை மேலும் உயர்த்தினேன்.

அம்மையார் பொறுமையாகக் கேட்டார்: "பெரிய விரிப்ப ஒருத்தரே மடிக்க முடியாதே. மறுமுனையைப் பிடிச்சது யாரு?"

"என் மைத்துனர்தாங்க. அவர் மடிச்சப்ப நான் பிடிச்சேன்."

"அப்ப அவர் மடிப்பு கோணினதுல பாதி உங்க கோணல்."

நிர்வாக வழக்கறிஞர் எழுந்து, "எங்க தரப்புல இனிச் சொல்ல ஒண்ணுமில்லீங்கம்மா" என்று சொல்லி அமர்ந்தார். அவ்வளவு சுருக்கமான உரையை நான் அதுவரை கேட்டதில்லை. என் வழக்கறிஞர் கோப்பைக் கட்டத் தொடங்கினார்.

தீர்ப்பாயம் தேர்வுக் குழுவின் நாற்காலியில் ஏறி அமர்ந்துவிட்டது, ஆணை செல்லாது, குழுவே மீண்டும் கூடி விதிப்படி ஆராயட்டும் என்பது தீர்ப்பு. என் உரையின் ஒரு பகுதி அதில் அப்படியே எடுத்தாளப்பட்டுள்ளது. நம் சங்கத்தில் வேறெந்தப் பேச்சாளருக்கும் இப்பேறு வாய்த்ததில்லை.

விரிப்புச் சேதியைத் தாங்கள் முன்பே நிர்வாகத்திடம் சொல்லியிருந்தால் என்றோ வென்றிருப்பீர்கள். ஏன் சொல்லவில்லை என்று தங்கள் அக்காவிடம் கேட்டேன். "கோணலா மடிச்சேன்னு அவனே போய் எப்படிங்க சொல்லுவான்? அதோட, மறுமுனையப் பிடிச்ச உங்க பேரும் கெட்டுடும்னு பயந்தான்" என்றார். தன் வெற்றியைத் தானே தடுக்க என் சட்டையை இழுத்த ஒருவரை எதிர்த்தரப்பென்று இனியும் அழைக்க என் நா எழவில்லை. எனவே குழு மீண்டும் கூடும்போது என் விண்ணப்பத்தைத் திரும்பப் பெறுகிறேன். கண்ணாடி அறை தங்களுடையது. வழக்குகளை இத்தோடு துறந்தேன். இனி எந்த நீதிமன்றப் படியையும் மிதிக்கமாட்டேன்.

தங்கள் துணைவியாருக்கு என் அன்பும், பிள்ளைகளுக்கு என் வாழ்த்தும் உரியன. தங்கள் குடி தழைக்கட்டும். தங்கள் மேற்பார்வையில் வெள்ளை விரிப்புகள் வெள்ளையாகவே இருக்கட்டும்.

இங்ஙனம்,
தங்கள் அக்காளின் கணவன்

பின்குறிப்பு: உறையை ஒட்டும் வேளையில் சேதி வந்தது. குழு இன்று காலையே கூடி, நான் வற்புறுத்திய பணிமூப்பு விதியை எழுத்துப் பிசகாமல் பின்பற்றி, பின்னறையில் கிழிந்த விரிப்புகளைத் தைக்கும் அம்மையாரைத் தேர்ந்துவிட்டது. அவர் நம் இருவருக்கும் முன்பே பணியில் சேர்ந்தவராம். விண்ணப்பமும் நாம் கொடுத்த அன்றே கொடுத்திருந்தாராம். நம் இரைச்சலில் யார் கண்ணிலும் படவில்லை. ஆகவே மேலே எழுதியவற்றைக் கருத வேண்டாம். நாம் இருவரும் சேர்ந்து தீர்ப்பாயம் செல்கிறோம். மாலையில் வந்து கையொப்பமிடுங்கள். அந்த அம்மையாரின் தகுதியில் குறை சொல்ல எனக்கு ஒன்றுமில்லை. அது தேவையும் இல்லை என்கிறார் வழக்கறிஞர். வழக்கறிஞரின் ஒரே நிபந்தனை, விசாரணை முடியும்வரை நான் கட்டடத்துக்கு வெளியே நிற்க வேண்டும் என்பது. ஒப்புக்கொண்டேன். உள்ளே இருப்பதைவிட வெளியேதான் கூட்டம் அதிகம்.