ஐம்பது விநாடியில் சிரிப்பும் அழுகையும்

பதினோரு நாள் ஆலோசனைக்குப் பிறகு, மனித உணர்ச்சி மொத்தமும் ஐம்பது விநாடிக்குள் அடங்கிவிடும் என்று எங்கள் திரைப்படக் காப்பகம் உலகுக்கு நிரூபித்தது. ஆதாரம், பேச்சே இல்லாத காலத்துக் குறும்படம் ஒன்று. ஒரு சிறுமி நம்மைப் பார்த்துச் சிரிக்கிறாள். அடுத்த கணம் அழுகிறாள். அவ்வளவுதான் கதை.

அதைச் ‘சிரிப்பு’ அலமாரியில் வைப்பதா, ‘அழுகை’ அலமாரியில் வைப்பதா என்பதற்கே மூன்று கூட்டம் நடந்தது.

“பாதியா வெட்டி ரெண்டுலயும் வச்சிடலாமே?” என்றார் கணக்காளர். அவருடைய நிர்வாகத் திறன் குறிப்பேட்டில் பாராட்டப்பட்டது.

தலைவர் எழுந்தார். “இது நடிப்பு இல்லைங்க, தவம். இந்தக் காலத்துப் பிள்ளைங்களுக்கு வருமா?”

வருமா என்று பார்க்க, ஆண்டு விழாவில் அதே காட்சியை மேடையேற்றத் தீர்மானமானது. நடிக்கத் தட்டச்சர் அக்காவின் ஆறு வயது மகள். அக்காவின் பணி நீட்டிப்புக் கோப்பு தலைவர் மேசையில் கையெழுத்துக்குக் காத்திருந்தது. எனவே அக்காவுக்குக் கலையார்வம் பொங்கியது. நானும் தற்காலிகம்தான். படச்சுருளைச் சுத்தம் செய்பவள். கூட்டங்களில் என் பங்களிப்பு, தலையாட்டுவது.

ஒத்திகையில் பாப்பா சிரித்தாள். அழச் சொன்னார்கள். இன்னும் நன்றாகச் சிரித்தாள்.

“அம்மா உன்னை விட்டுட்டுப் போறாங்கன்னு நினைச்சுக்கோ,” என்றார் தலைவர்.

“எங்க? ஆபீசுக்கா?”

“வெங்காயம் உரிக்கலாம் சார்,” என்றார் கணக்காளர்.

“கலைக்கு வெங்காயமா? சீ!” தலைவர் பாப்பாவின் அருகே வந்து சட்டைக் கையை மடித்துக்கொண்டார். “அந்தக் காலத்துல எப்படித்தான் வரவழைச்சாங்களோ! சின்னதா ஒரு கிள்ளு. கலைக்காகத்தானே, என்னம்மா?”

அக்கா தரையைப் பார்த்தார். “வலிக்காம கிள்ளுங்க சார்.”

நான் பாப்பாவை என் பக்கம் இழுத்துக்கொண்டேன். அந்த அறையில் என் குரலை யாரும் கேட்டதில்லை. எனக்கே புதிதாக இருந்தது.

“சார், படத்துல சிரிப்பு முடிஞ்சு அழுகை வர்றதுக்கு நடுவுல, ஓரமா ஏதோ வந்து அழகைக் கெடுக்குது, அந்தத் துண்டை வெட்டிடுன்னு சொன்னீங்களே?”

“ஆமா. கறை.”

“கறை இல்ல சார், கை. அந்தப் பொண்ணைக் கன்னத்துல அறையுற கை. அதை நல்லாப் பார்த்துட்டுத்தான் வெட்டச் சொன்னீங்க.”