தம்பிராஜாவின் "ஒண்டுதானே"

நம்மிடையே "ஒண்டுதானே" என்றொரு இனம் உண்டு. திருடர் என்று சொல்லிவிடாதீர்கள். பொல்லாத கோபம் வரும். பேராதனைப் பூங்காவில் ஒரு விதை, பொலனறுவை இடிபாடுகளில் ஒரு செங்கல் துண்டு, கலியாண வீட்டில் ஒரு கரண்டி. எடுப்பது எப்போதும் ஒன்றுதான். எல்லோரும் ஒவ்வொன்று எடுத்தால் என்னாகும் என்று கேட்டுப் பாருங்கள். "எல்லாரும் எடுக்கினமோ? நான் மட்டுந்தானே!" என்பார்கள்.

கண்டியில் அரசாங்க எழுதுவினைஞரான தம்பிராஜா இந்த இனத்தின் திலகம். எண்பத்தைந்தின் தொடக்கத்தில் மனைவி பத்மாதேவியுடன் புத்தளப் பக்கத்துப் பாறைத்திடல் ஒன்றைப் பார்க்கப் போனார். பதினைந்து கோடி வருடத்துக்கு முந்திய இலைகள் கல்லாகிக் கிடக்கிற, அரசாங்கம் காவல் போட்ட இடம். "கல் எடுத்தல் குற்றம்" என்ற பலகையை வந்தவர்களுக்கெல்லாம் உரக்க வாசித்துக் காட்டியவர் அவர்தான். கல்லைத் தொட்டுப் பார்த்த பெரியவரை அதட்டியவரும் அவர்தான். வாசித்த கையோடு, இலை பதிந்த கல்லொன்று அவர் பைக்குள் போனது.

"இஞ்சருங்கோ, எழுதிப்போட்டிருக்கெல்லே!" என்றார் பத்மாதேவி.

"ஒண்டுதானேயப்பா!"

திரும்பும் வழியில், கட்டுகஸ்தோட்டைச் சோதனைச் சாவடியில் அந்த ஒன்று வெளியே வந்தது. எண்பத்துமூன்றுக் கலவரம் நடந்து இரண்டு வருடம்கூட ஆகவில்லை. தமிழன் பையில் பென்சில் இருந்தாலே விசாரணை. கல்லென்றால்? பிடித்துக்கொண்டு போய்விடுவார்கள் என்று தம்பிராஜா மெய்யாகவே நடுங்கினார்.

"மே மொகத்த?" இது என்னவென்று கேட்டான் சிப்பாய்.

கல்லாய்ப்போன இலைக்குச் சிங்களத்தில் என்ன பெயர்? இருபது வருடம் சிங்களக் கோப்புகளோடு மல்லுக்கட்டிய மனிதருக்கு அந்த நேரம் வாயில் வந்தவை இரண்டே சொற்கள்.

"கல... கொல! மாத்தயா, கல, கொல!"

கல்லும் இலையும் என்கிறார். ஆனால் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து மூன்று மாதமே ஆன பத்மாதேவிக்கு ஏது சிங்களம்?

"ஐயோ! கொலையெண்டு உங்கட வாயாலயே ஏன் சொல்லுறியள்?" என்று தலையிலடித்து அழத் தொடங்கிவிட்டார்.

சிப்பாய் கல்லைத் திருப்பினான். வெயிலில் இலை நரம்பு நரம்பாகத் தெரிந்தது. அவன் முகம் மலர்ந்தது. "லஸ்ஸனய்!" என்று அழகை மெச்சித் தன் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டான்.

தலை தப்பியதும் தம்பிராஜாவுக்குச் சட்டம் ஞாபகம் வந்துவிட்டது. அது அரசாங்கத்துக் கல், எடுக்கக் கூடாது என்று மெல்ல இழுத்தார்.

சிப்பாய் சிரித்தான். "எக்கய்னே!"

பத்மாதேவி கண்ணைத் துடைத்தார். "என்னவாம்?"

"ஒண்டுதானேயாம்."

சிரிக்கிறீர்களா? நன்றாகச் சிரியுங்கள். சிரித்து முடிந்ததும் உங்கள் கண்ணாடி அலுமாரியை ஒருமுறை திறந்து பாருங்கள். அந்தக் கூழாங்கல்லை எந்தக் கடையில் வாங்கினீர்கள்?