ஆளுயர மெழுகுவர்த்தி

பட்டாணிக் களியை இரண்டாம் தடவையும் வாங்கிச் சாப்பிட்டு முடித்த பிறகுதான், அந்தக் களி வெந்த துணியின் வாயைக் கட்டியிருந்தது எந்த நூல் என்று விமண்ட் துறவிக்குத் தெரிந்தது.

"உங்க மெழுகு அறை அலமாரியில சும்மாதான் கிடந்துச்சு," என்றார் மடத்துச் சமையலைப் பார்க்கும் தர்ஸ்டன் துறவி. "நல்ல கெட்டி நூல். மூணு துண்டா வெட்டி மூணு மூட்டையையும் கட்டிட்டேன்."

"இப்போ எங்கே அது?"

"அடுப்புல போட்டுட்டேன். களி ஒட்டின நூலை வச்சுக்கிட்டு என்ன பண்றது?"

அது சும்மா கிடந்த நூல் இல்லை. முந்தின நாள் கோட்டையிலிருந்து வேலைக்காரி ஆல்டித் கொண்டுவந்தது. "அம்மா குடுத்தாங்க, சீக்கிரம் ஏத்தணுமாம்" என்று மட்டும் சொல்லிவிட்டு மழைக்கு முன்னால் போய்ச் சேர ஓடிவிட்டாள்.

யாருக்குப் புனிதையின் உதவி வேண்டுமோ அவரை உச்சி முதல் உள்ளங்கால் வரை நூலால் அளப்பார்கள். அந்த நூலையே திரியாக்கி, அதே நீளத்துக்கு மெழுகுவர்த்தி வார்த்து, சுருட்டிவைத்து, புனித வின்ஃப்ளெடாவின் கல்லறை முன் ஏற்ற வேண்டும். இன்னாருக்கு என்று புனிதை தெரிந்துகொள்வது அந்த நீளத்தை வைத்துத்தான். பண்ணைக்காரர்கள் பசுவைக்கூட அளந்துகொண்டு வருவார்கள். வாலையும் சேர்த்தா சேர்க்காமலா என்பதில் மடத்துக்குள் இரண்டு கட்சி உண்டு.

கோட்டைத் துரை ஃபுல்க் தொண்டை வீங்கி மூன்று வாரமாகப் படுத்திருந்தது ஊருக்கே தெரியும். மடத்துக் கோவிலின் கூரைக்கு நாற்பது ஓக் மரம் தருவதாக அவர் வாக்குக் கொடுத்திருந்தார். அவர் போய்விட்டால் அடுத்து வரப்போகிற மருமகன், துறவிகளுக்குச் சுள்ளி கூடக் கொடுக்கமாட்டான். அதனால் மடாதிபதி விமண்டைக் கூப்பிட்டு ஒரே ஒரு வார்த்தை சொல்லியிருந்தார். துரை பிழைக்காவிட்டால் விமண்ட் சதுப்பு நிலத்துக் கிளை மடத்துக்குப் போகலாம்.

அங்கே ஆறு பன்றியும் காது கேட்காத ஒரு கிழத் துறவியும் இருந்தார்கள், கணப்பு இல்லை. விமண்டுக்குக் குளிர்காலம் வந்தால் விரலெல்லாம் வெடித்துவிடும். அடுப்பில் எந்நேரமும் மெழுகு உருகிக்கொண்டிருக்கும் அந்த அறைதான் அவருக்குச் சொர்க்கம். அதை விட்டுப் போவதை நினைத்தாலே அழுகை வந்தது. நூல் களியோடு வெந்துபோன கதையை மடாதிபதியிடம் சொல்ல அவருக்குத் தைரியம் வரவில்லை.

துரையின் உயரமுள்ள ஆளைக் கண்டுபிடித்தால் போதும் என்று தோன்றியது. பண்டகசாலையைப் பார்க்கும் ஒடோ துறவி நினைவுக்கு வந்தார். போன அறுவடை விருந்தில் துரையும் ஒடோவும் ஒரே நிலைப்படியில் தலையை இடித்துக்கொண்டதை விமண்ட் கண்ணால் பார்த்திருந்தார். புது அங்கிக்கு அளவு என்று சொல்லி ஒடோவை நிற்கவைத்து அளந்தார். ஒடோவுக்கு ஒரே சந்தோஷம், வயிற்றை எக்கிக்கொண்டு நின்றார்.

மெழுகுவர்த்தி ஏற்றிய மூன்றாம் நாள், பதினொரு வருஷமாக இடது காலை இழுத்து இழுத்து நடந்த ஒடோ, பீர்ப் பீப்பாய் ஒன்றைத் தோளில் வைத்துக்கொண்டு படியேறி வந்தார். மடமே கூடிவிட்டது. மணி அடித்தார்கள். நன்றிப் பாட்டுப் பாடினார்கள். கோட்டையிலிருந்து வந்த சேதியோ, துரைக்கு இப்போது தண்ணீரும் இறங்கவில்லை என்பது.

எல்லாரும் பாடும்போது விமண்டுக்கு மட்டும் வாய் திறக்கவில்லை. புனிதை தன் வேலையைச் சரியாகத்தான் செய்திருந்தாள். போதாததற்கு ஒடோ, தனக்கு அங்கி அளந்த விமண்டின் கை ராசியான கை என்று போகிற இடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார். இந்த வருஷம் யாருக்கும் புது அங்கி கிடையாதே என்று மடாதிபதி யோசிக்க ஆரம்பித்தார்.

இனித் துரையையே அளந்தால்தான் உண்டு. துரைக்காக ஜெபம் பண்ணிவிட்டு வருகிறேன் என்று உத்தரவு வாங்கிக்கொண்டு விமண்ட் கோட்டைக்குப் போனார். நூல்கண்டு அங்கிக்குள் இருந்தது.

சீமாட்டி ஹாவிஸ் கூடத்தில் உட்கார்ந்து தைத்துக்கொண்டிருந்தாள். அவரைப் பார்த்ததும் எழுந்து வந்தாள்.

"மெழுகுவர்த்தி ஏத்தியாச்சா சாமி?"

"ஏத்தியாச்சும்மா."

"முழுசா எரிஞ்சிருச்சா?"

"திரிகூட மிச்சம் இல்லம்மா."

அவள் கண்ணை மூடிச் சிலுவை போட்டுக்கொண்டாள். துரையை ஒரு தடவை பார்க்கலாமா என்று விமண்ட் கேட்டார்.

"வேணாம் சாமி. கேட்க வேண்டியதைக் கேட்டாச்சு. இனிமே அவ பார்த்துப்பா. சும்மா சும்மா போய் நச்சரிச்சா நல்லா இருக்காது."

இப்படி ஒரு விசுவாசத்தை விமண்ட் மடத்துக்குள்ளேயே பார்த்ததில்லை. அவருக்குக் கண் கலங்கியது. ஆனாலும் அளவு வேண்டுமே. சீமாட்டி பால் அறைப் பக்கம் போன நேரம் பார்த்து மாடிப்படி ஏறினார்.

துரை முழங்காலை மடக்கி ஒருக்களித்துத் தூங்கிக்கொண்டிருந்தார். விமண்ட் நூலின் ஒரு முனையைத் தலையணைக்கு அடியில் செருகி, மறுமுனையைக் குதிகால் பக்கம் இழுத்தார். மடங்கின காலை அளந்தால் புனிதை எந்தக் குள்ளனையாவது குணமாக்கிவிடுவாள். எனவே முழங்காலில் மெதுவாகக் கையை வைத்து அழுத்தினார்.

துரையின் கண் திறந்தது. தன் தலையிலிருந்து கால்வரை ஓடும் நூலைப் பார்த்தார். அதன் முனையில் இருந்த துறவியைப் பார்த்தார். மூன்று வாரமாகக் குரலே வராத தொண்டையிலிருந்து காற்றாக ஒரு கேள்வி வந்தது.

"சவப்பெட்டிக்கா?"

விமண்டுக்குச் சட்டென்று பொய் சொல்ல வராது. "உடனே இல்ல, துரை," என்றார்.

துரை போட்ட சத்தத்தில் தொண்டைக்குள் இருந்த கட்டி உடைந்துவிட்டது. கையில் அகப்பட்ட தாம்பாளத்தை வீசினார், அடுத்து முக்காலியை வீசினார், பிறகு இரவுச் சட்டையோடு கட்டிலை விட்டு இறங்கித் துரத்தினார். விமண்ட் நூலை மட்டும் விடாமல் படிகளில் உருண்டு முற்றத்துக்கு வந்து சேர்ந்தார். மூன்று வாரமாகச் சிரித்துப் பேசிப் பழகியிருந்த வேலைக்காரர்கள் தங்கள் பழைய மூலை முடுக்குகளைத் தேடி ஓடினார்கள். மேலே துரை மாட்டிறைச்சி கேட்டுக் கத்திக்கொண்டிருந்தார்.

விமண்ட் கடமை தவறவில்லை. அன்று மாலையே அந்த நூலில் மெழுகுவர்த்தி வார்த்து ஏற்றினார். அது எரிந்து முடிவதற்குள் துரை குதிரையேறிவிட்டார் என்று சேதி வந்தது. அடுத்த வாரம் ஓக் மரங்கள் வண்டி வண்டியாக வந்து இறங்கின. மடாதிபதி அங்கி விஷயத்தை மறந்தே போனார். விமண்ட் உயிரோடு இருக்கும்வரை மெழுகு அறை அவருக்குத்தான் என்று எல்லார் முன்னாலும் அறிவித்தார். விமண்டுக்கு அன்று சந்தோஷத்தில் சாப்பாடே இறங்கவில்லை. களியை ஒரு தடவை மட்டும் வாங்கிக்கொண்டார்.

ஞாயிற்றுக்கிழமை துரை குடும்பத்தோடு நன்றி செலுத்த வந்தார். மண்டியிட மெத்தை கொண்டுவரத் தாமதம் என்று குதிரைக்காரனுக்குக் கோவில் வாசலிலேயே ஓர் அறை விழுந்தது. சீமாட்டி ஹாவிஸ் கல்லறை முன் விழுந்து அழுதாள், எழுந்திருக்கவே இல்லை. புருஷன்மேல் வைத்த பாசம் என்றால் இதுதான் என்று மடாதிபதி இளந்துறவிகளுக்கு அவளைக் காட்டினார்.

அந்த அழுகையைப் பார்த்ததும் விமண்டுக்கு மனசு உறுத்தியது. தூண் பக்கம் தனியாக நின்ற ஆல்டித்திடம் போய், களியில் ஆரம்பித்து முக்காலிவரை எல்லாவற்றையும் ஒளிக்காமல் சொன்னார். தப்புதான், மன்னிச்சிரு, அம்மாகிட்ட மட்டும் சொல்லிடாதே என்று கையைப் பிசைந்தார்.

ஆல்டித் கல்லறை முன் கிடந்த சீமாட்டியை ஒரு தடவை திரும்பிப் பார்த்தாள்.

"அப்போ நான் கொண்டாந்த நூல்ல நீங்க மெழுகுவர்த்தியே செய்யலையா?"

"இல்ல தாயி. அதனால என்ன, துரையைத்தான் மறுபடி சரியா அளந்துட்டேனே."

"அந்தாளை யாரு சாமி அளக்கச் சொன்னது?" என்றாள் ஆல்டித். "நான் கொண்டாந்தது அம்மாவோட அளவு. இந்த மனுசன்கிட்டேர்ந்து தனக்கு விடுதலை வேணும்னு கேட்டிருந்தாங்க."